கம்பிக்கு இந்தப் பக்கம்

காரிமங்கலம் சந்தையில் தக்காளி பொறுக்கிக்கொண்டிருந்தபோது ஸ்டெல்லா டீச்சரின் தம்பி கூப்பிட்டார். "அக்கா போயிட்டாங்க சார். காலையிலதானுங்க." பையைக் கடைக்காரரிடமே விட்டுவிட்டுத் தருமபுரி பஸ் ஏறினேன்.

மாரண்டஹள்ளிப் பள்ளியில் அவர் ஓவிய ஆசிரியை, நான் தமிழாசிரியன். பதினோரு வருடம் பக்கத்து நாற்காலி. அவரை அறிந்தவர்களுக்கு அந்தப் பேச்சு நினைவிருக்கும்: "அழகு வேறைங்க சார். அது நம்மளத் தடவிக் குடுக்கும். நான் சொல்றது, நம்மள ஒண்ணுமில்லாம ஆக்கிட்டு, அப்புறம் நிமித்தி நிறுத்துமே, அது." அதற்கு ஒரு தமிழ்ச் சொல் கேட்டுக்கொண்டே இருந்தார். என்னால் கொடுக்க முடியவில்லை.

ஓர் ஆடி வெள்ளத்தில் ஆசிரியர்கள் சிலர் ஒகேனக்கல் போனோம். பாறைகளே தெரியவில்லை, செந்தண்ணீர் மட்டும். தடுப்புக் கம்பியைப் பிடித்தபடி அவர் நடுங்கினார். "பயமா இருக்குதுங்க. ஆனா போக மனசு வரல." அதை ஆளுயரத் துணியில் வரைந்தார். பள்ளியில் மாட்டினோம். கத்திக்கொண்டு வரும் பிள்ளைகள் அதன் முன்னால் வந்ததும் அடங்கிப்போவார்கள்.

அதற்கு மூன்றாம் வருடம் அவர் கணவர் சேவியர் அதே ஆற்றில் குளிக்க இறங்கினார். மூன்று நாள் கழித்துத்தான் உடல் கிடைத்தது. துக்கம் கேட்கப் போன நான், வேறு வார்த்தை தெரியாமல், "அவ்வளவு பெருசு முன்னால நாம எம்மாத்திரம் டீச்சர்" என்றேன். அவர் பேச்சையே அவருக்குத் திருப்பிக் கொடுத்திருக்கிறேன்.

நிமிர்ந்து பார்த்தார். "அதெல்லாம் கம்பிக்கு இந்தப் பக்கம் நின்னுட்டுப் பேசினதுங்க சார்."

பள்ளிக்குத் திரும்பிய அன்றே பெஞ்சு மேல் ஏறி, அந்த ஓவியம் முழுக்க வெள்ளையடித்தார். தலைமையாசிரியை அதட்டியும் நிறுத்தவில்லை.

"அது பொய்யா டீச்சர்?" என்று கேட்டேன்.

"பொய்யில்லைங்க. பாதிதான் வரைஞ்சிருந்தேன். மீதி அப்ப எனக்குத் தெரியாது."

அதன்பின் பிள்ளைகளுக்கு இலையும் பானையும் வரையச் சொல்லிக்கொடுத்தார். தனக்கென்று தூரிகை எடுக்கவே இல்லை.

போன மாதம் தருமபுரி மருத்துவமனையில் அவரைப் பார்த்தேன். மாலை. மலைப்பக்கம் கருத்துக்கொண்டு வந்து மின்னியது. மகிழ்வார் என்று நம்பி ஜன்னலைத் திறந்தேன்.

"முன்னெல்லாம் எழுந்து ஓடியிருப்பேன்" என்றார். "இப்ப வெறும் இடிதானுங்க. சாத்திருங்க சார்."

சாத்தினேன்.

துக்க வீட்டில் பெரிய வார்த்தை பேசக் கூசும் கூச்சம், அது ஒன்றைத்தான் அவரிடமிருந்து வைத்திருக்கிறேன். அடக்கத்தன்று அவர் தம்பி என் கையைப் பிடித்து, "நீங்களாச்சும் ஏதாவது சொல்லுங்க சார்" என்றார். பக்கத்தில் உட்கார்ந்தேன். அவர் பிடித்த கையை விடவில்லை.