ஏழு நிமிடம் முந்திய வாங்கு

இயக்குநர் என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான். "தம்பி, சத்தம் வேணாம். வாயை மட்டும் அசைங்க." அந்த ஒன்றைத்தான் நான் செய்யவில்லை.

கல்முனையில் எங்கள் தெருவுக்குப் பின்னால் பாதி கட்டி நிற்கும் மூன்று மாடி வீடு ஒன்று இருக்கிறது. கூரை போடாத அதன் மேல்தட்டில்தான் படப்பிடிப்பு. நோன்பு மாதம். பெருநாளன்று தொலைக்காட்சியில் போடப்போகும் நாடகம். பள்ளிவாசலில் தொழுகைக்கு அழைத்து வாங்கு சொல்லும் இளைஞன் வேடம் எனக்கு. நான்கு காட்சி, ஒன்பது வசனம். இருபத்திரண்டு வயதில் முதன்முதலாகக் கமெராவுக்கு முன்னால் நின்றேன். வாப்பாவுக்குத் தெரியாது.

வாப்பாவுக்கு இரும்புக்கடை. நடிப்பைப் பற்றி அவருக்கு ஒரே கருத்துதான். "இல்லாதத இரிக்கிற மாதிரிக் காட்டுற தொழில் நம்மளுக்கு வேணாம்." அதனால் அறிவிப்பாளர் பயிற்சிக்குப் போகிறேன் என்று சொல்லி வைத்திருந்தேன். மாட்டிக்கொண்டால் அவர் கத்தமாட்டார், அடிக்கமாட்டார். என்னோடு கதைப்பதை நிறுத்திவிடுவார். என் அண்ணன், காக்கா, ஒருமுறை பொய் சொல்லி அகப்பட்டபோது எட்டு மாதம் அவரோடு ஒரு வார்த்தை இல்லை. ஒரே பாயில் இருந்துதான் இருவரும் சாப்பிட்டார்கள். அந்த எட்டு மாதத்தைப் பார்த்தவன் நான். எதற்குப் பயந்தேன் என்றால் அதற்குத்தான்.

உண்மையில் போனது நடிப்புப் பயிற்சிக்கு. சனிக்கிழமைகளில், பஜாரில் ஒரு கடைக்கு மேலிருந்த அறையில். பதினொரு பேர் படித்தோம். சொல்லித் தந்தவர் மட்டக்களப்பிலிருந்து பஸ்ஸில் வருவார். என்னைவிட மூன்றே வயது மூத்த பெண். வாயைத் திறந்தால் அடுப்பில் போட்ட உப்பு மாதிரி வெடிப்பார். முதல் மாதம் எங்களை நடிக்க விடவேயில்லை, மூச்சு விடச் சொன்னார். பிறந்ததிலிருந்து அதைத்தானே செய்துகொண்டிருக்கிறேன் என்று எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. பிறகு பெரியநீலாவணைக் கடற்கரைக்குக் கூட்டிப்போனார். ஒருவரை அலைக்கரையில் நிறுத்தி, மற்றவரைத் தோணிகளுக்கு அப்பால் அனுப்பி, கத்தாமல் வசனத்தைக் கொண்டுபோய்ச் சேர்க்கச் சொன்னார்.

"தொண்டையால இல்ல தம்பி, வயித்தால. தொண்டை கிழிஞ்சா நாளைக்கு ஆரு கதைக்கிற?"

நான்காவது வாரம் என் குரல் தோணிகளைத் தாண்டிப் போனது. வலை சிக்கெடுத்துக்கொண்டிருந்த ஒருவர் நிமிர்ந்து பார்த்தார். அன்று வீடு போய்ச் சேரும்வரை எனக்குத் தலைகால் புரியவில்லை.

இன்னொரு பாடமும் இருந்தது. தொடங்கினால் நடுவில் நிறுத்தக்கூடாது. நாங்கள் வசனம் பேசும்போது பின்னால் தகரத் தட்டைப் போட்டு உடைப்பது போலச் சத்தமெழுப்புவார். திரும்பிப் பார்த்தவன் முதலிலிருந்து தொடங்கவேண்டும். ஒருமுறை எனக்குப் பின்னால் ஒருவன் கதிரையோடு தடாலென்று விழுந்தான். நான் திரும்பவில்லை. "இவன்தான் நடிகன்" என்று எல்லோருக்கும் முன்னால் சொன்னார். அந்தப் பாராட்டில் பல மாதம் மிதந்தேன்.

படப்பிடிப்பு நாளன்று பின்நேரம் தெருவில் கரண்ட் இல்லை. கமெரா பெட்டரியில் ஓடியதால் எங்களுக்கு அது பிரச்சினையாகவில்லை. மேல்தட்டிலிருந்து பார்த்தால் நற்பிட்டிமுனை வயல்களுக்கு மேலே சூரியன் இன்னும் ஒரு விரல் உயரத்தில் நின்றது. கீழே, தென்னைகளுக்கும் மதில்களுக்கும் நடுவே, தெரு ஏற்கெனவே இருட்டிவிட்டது. வீடு தந்தவர் ஒரே நிபந்தனைதான் போட்டிருந்தார். நேரத்துக்கு முந்தி வாங்குச் சத்தம் வெளியே போகக்கூடாது, கேட்டவர்கள் நோன்பைத் துறந்து சாப்பிடத் தொடங்கிவிடுவார்கள். அதனால் இயக்குநர் ஒலிப்பதிவே வைக்கவில்லை. குரலைக் கொழும்பில் பிறகு சேர்ப்பதாக ஏற்பாடு.

முதல் தடவை வாயை அசைத்தேன். "உயிர் இல்ல" என்றார். இரண்டாம் தடவையும் அசைத்தேன்.

"கழுத்து நரம்பே எழும்பல்ல தம்பி. மீன் மாதிரி வாய் திறந்து மூடுது. வெளிச்சம் போகுது, இதுதான் கடைசி. இல்லாட்டி இந்தக் காட்சியைத் தூக்கிடுவன்."

விளக்குப் பிடித்து நின்றவர் சிரித்தார். எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். மீனா நான்? காதில் கையை வைத்தேன். வயிற்றிலிருந்து எடுத்தேன்.

"அல்லாஹு அக்பர்."

குரல் போனது. தோணிகளைத் தாண்டிப் போன அதே குரல். கரண்ட் இல்லாத ஊரில் ரேடியோ இல்லை, டிவி இல்லை, காற்றாடிச் சத்தம்கூட இல்லை. எல்லோரும் காதைத் தீட்டிக்கொண்டு காத்திருந்த நேரம். கீழே ஒரு பெண், "வாங்கு சொல்லிட்டாங்க, வாங்க, வாங்க" என்று கூப்பிட்டாள். எங்கோ கோப்பையில் கரண்டி தட்டியது. கீழே கேட்டுவிட்டது என்று எனக்குத் தெரிந்தது. ஆனாலும் கமெரா ஓடிக்கொண்டிருந்தது, என் கழுத்து நரம்பும் எழும்பியிருந்தது.

வாங்கு சொல்பவர் தொழுகைக்கு அழைக்கும் இடத்தில் முகத்தை வலப்பக்கம் திருப்பவேண்டும். திருப்பினேன். எங்கள் வீட்டு முற்றம் நேரே கீழே கிடந்தது.

உள்ளே புழுக்கம் என்று பாயை வெளியே போட்டிருந்தார்கள். உம்மா கஞ்சிக் கோப்பையை வைத்துக்கொண்டிருந்தார். வாப்பா இரண்டு கையையும் ஏந்தித் துஆ கேட்டுக்கொண்டிருந்தார். மணிக்கூட்டைப் பார்த்து நோன்பு துறக்கிற வழக்கம் அவரிடம் இல்லை. கடைசிப் பத்து நிமிடம் கண்ணை மூடியிருப்பார், வாங்கு கேட்டுத்தான் திறப்பார். நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே கையை முகத்தில் தடவினார். பேரீச்சம்பழத் தட்டுப் பக்கம் கை போனது.

ஒரு மூச்சு விடும் நேரம் எனக்கு இருந்தது. "வாப்பா, இன்னும் நேரமாகல்ல" என்று ஒரு சத்தம் போட்டிருந்தால் போதும். அவருக்கு நிச்சயமாகக் கேட்டிருக்கும்.

நான் முகத்தை இடப்பக்கம் திருப்பி வாங்கை முடித்தேன்.

"கட்! இதுதான்! இதத்தான் கேட்டன்!" என்று இயக்குநர் என்னைக் கட்டிப்பிடித்தார். ஏழு நிமிடம் கழித்துப் பள்ளியிலிருந்து உண்மையான வாங்கு வந்தது. அப்போதுதான் அவருக்கும் உறைத்தது. "கீழ ஒருத்தருக்கும் கேட்டிருக்காதுதானே?" என்றார். நான் தலையைக் குனிந்துகொண்டு படியிறங்கினேன்.

வீட்டுக்குப் போனபோது வாப்பா நல்ல சந்தோசத்தில் இருந்தார்.

"இண்டைக்கு முதல்ல வாங்கு சொன்னது ஆருடா? புதுசா ஆரும் வந்திருக்கானா? என்ன குரல் அது! கடசி வரைக்கும் மூச்சு ஒடயல்ல."

என் ஆயுளில் வாப்பா எதையும் அப்படிப் புகழ்ந்து நான் கேட்டதில்லை. பொய் சொல்லக்கூடத் தேவையில்லை, பேசாமல் இருந்தாலே போதும். இரண்டு பள்ளி வாங்கு முந்திப் பிந்திக் கேட்பது எங்கள் ஊரில் அதிசயமில்லை. உம்மா தந்த பெட்டிஸைக் கடித்தேன். மீதியைத் தட்டில் திரும்ப வைத்தேன்.

"நான்தான் வாப்பா" என்றேன். வகுப்பு, நாடகம், மேல்தட்டு, எல்லாவற்றையும் சொன்னேன். நேரத்துக்கு முந்தித் துறந்த அந்த நோன்பு செல்லாது, திரும்பப் பிடிக்கவேண்டும் என்பதை அவருக்கு நான் சொல்லவேண்டியிருக்கவில்லை.

வாப்பா என்னை முழுவதும் சொல்லி முடிக்க விட்டார். பிறகு கேட்டார்.

"நான் பழத்த எடுக்கக்குள்ள நீ பாத்தியா?"

"ஓம் வாப்பா."

"பாத்துப்போட்டும் வாங்கு சொன்னியா?"

"ஓம்."

எழும்பிச் சாரத்தை இறுக்கிக் கட்டினார். "வா."

தெருவின் நடுவில் என்னை நிறுத்தினார். "எந்தக் குரலால தொறக்க வச்சியோ, அந்தக் குரலாலயே சொல்லு."

சொன்னேன். நேரத்துக்கு முந்தி வாங்கு சொன்னது நான்தான், அதைக் கேட்டு நோன்பு துறந்தவர்கள் அதைத் திரும்பப் பிடித்துக் களாச் செய்யவேண்டும், என்னை மன்னிக்கவேண்டும். வெட்கத்தில் குரல் தொண்டையிலேயே நின்றது.

"கடசி வூட்டுக்குக் கேக்கல்ல. திரும்பச் சொல்லு."

திரும்பச் சொன்னேன், வயிற்றிலிருந்து. கதவுகள் திறந்தன. கடைசி வீட்டு மாமி வாசலுக்கே வந்துவிட்டார். "கேட்டுச்சுடா பாவி! சுகர் வருத்தத்தோட புடிச்ச நோம்புடா அது!"

அன்றிலிருந்து வாப்பா என்னோடு கதைக்கவில்லை. "அவனச் சாப்பிடச் சொல்லு" என்று உம்மாவிடம் சொல்வார், நான் அருகில்தான் இருப்பேன். ஒரு நாளும் நாடகத்தைப் பற்றிக் கேட்கவில்லை. எட்டு மாதம் என்று மனதுக்குள் எண்ணத் தொடங்கினேன்.

பெருநாளன்று பின்நேரம் நாடகம் போட்டார்கள். உம்மாவும் காக்காவும் டிவிக்கு முன்னால். வாப்பா வாசலில் கதிரையைப் போட்டு, முதுகைக் காட்டிக்கொண்டு தெருவைப் பார்த்திருந்தார். என் முதல் வசனம் வந்தபோது அசையவில்லை. வாங்குக் காட்சி வந்தது. நரம்பு புடைத்த என் கழுத்து, காதில் என் கை, வலப்பக்கம் திரும்பும் என் முகம். குரல் மட்டும் யாருடையதோ. மெல்லிய, இனிப்பான குரல்.

வாசலில் கதிரை இழுபட்டது. வாப்பா உள்ளே வந்து நின்று திரையைப் பார்த்தார்.

"ஆருட குரல் இது?"

உம்மாவிடம் கேட்கவில்லை. பதினாறு நாளைக்குப் பிறகு என்னிடம்தான் கேட்டார்.

"கொழும்பில வேற ஒராள் வாப்பா. எண்ட சத்தத்த அவங்க பதியல்ல."

வாப்பா அந்த வாங்கு முடியும்வரை கேட்டார்.

"இந்தக் குரல்ல வாங்கு சொல்லியிருந்தா நான் பழத்தத் தொட்டிருக்கவே மாட்டன்" என்று சொல்லிவிட்டு, கதிரையை உள்ளே இழுத்துப் போட்டு, எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்.