சாயரட்சை மணிக்கு விட்ட கை

இன்றைக்குத் திருத்தணியில், பஜ்ஜி வண்டிக்கு முன்னால்...

ஓடும் பஸ்ஸில் போனில் தட்டுகிறேன். எழுத்துப் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்!

மகள் யாழினிக்கு மூன்று வயது. அவள் காய்ச்சலில் கிடந்தபோது என் மனைவி முருகனிடம் வேண்டிக்கொண்டாள். குழந்தைக்கும் அப்பாவுக்கும் மொட்டை. (அவளுக்கு மட்டும் ஒன்றும் கிடையாது. ஏன் என்று கேட்டால் சாமி குத்தமாம்!)

மதியத்துக்கு மேல் அரக்கோணத்திலிருந்து பஸ் ஏறினோம். முதலில் பாப்பாவுக்கு மொட்டை. அழுது ஊரையே கூட்டிவிட்டாள். மனைவி அவளைக் குளிப்பாட்ட அழைத்துப் போன பிறகு நான் உட்கார்ந்தேன்.

தலையோடு மீசையும் போனது. கல்லூரிக் காலத்து மீசை!

வெளியே வரும்போது இருட்டிக்கொண்டு வந்தது. சரவணப் பொய்கை ஓரம் தள்ளுவண்டிகளில் எண்ணெய் காய்ந்துகொண்டிருந்தது. நல்ல பசி.

மனைவி பாப்பாவுக்கு மஞ்சள் கவுன் மாட்டி, மொட்டையில் சந்தனம் பூசி என் கையில் ஒப்படைத்தாள்.

"இந்தாங்க, புடிங்க. ஈரப் பொடவைய மாத்திக்கினு வந்துடறேன். இதுக்கு எதுனா துன்ன வாங்கிக் குடுங்க."

பாப்பாவுக்கு அழுது அழுது தூக்கம் சொக்கியது. தலையை நிமிர்த்தவே இல்லை. அம்மா பிடித்துக் கொடுத்த கையைப் பிடித்துக்கொண்டாள், அவ்வளவுதான்.

"அக்கா, வாழக்கா பஜ்ஜி ஒரு பிளேட்டு. காரம் கம்மியா."

"சித்த இரு நைனா. மணி அடிக்கப் போவுது. சாமிக்குக் காட்டிட்டுக் குடுக்கறேன்."

மலைக் கோயிலில் சாயரட்சை (அந்திப் பூஜை) மணி கேட்டதும் அந்த வண்டிக்காரர்களுக்கு ஒரு வழக்கம் இருக்கிறது. அடுப்பைத் தணித்து, பல்பை அணைத்து, மலையைப் பார்த்துக் கற்பூரம் காட்டுவார்கள். சாப்பிட வந்தவர்களும் திரும்பி நின்று கும்பிட வேண்டும்.

மணி அடித்தது.

பல்புகள் ஒவ்வொன்றாக அணைந்தன. இருட்டில் கற்பூரச் சுடர்கள் மட்டும். அந்த வெளிச்சத்தில் பெரிதும் சிறிதுமாகச் சந்தனம் பூசிய தலைகள், எல்லாம் ஒரே பக்கம் திரும்பி நின்றன. யார் ஆண், யார் பெண் என்றுகூடத் தெரியவில்லை.

கும்பிட இரண்டு கையும் வேண்டுமே! பாப்பாவின் கையை விட்டேன்.

பல்பு எரிவதற்குள் ஒரு சின்னக் கை என் விரலைப் பிடித்துக்கொண்டது. சமர்த்து என்று நினைத்தேன். பஜ்ஜியை வாங்கி, ஊதி ஊதிக் கீழே நீட்டினேன். சாப்பிட்டாள்.

"நைனா, இன்கொகட்டி."

அப்பா, இன்னொன்று வேண்டுமாம். தெலுங்கில்!

என் மகளுக்குத் தெலுங்கில் ஒரு வார்த்தை தெரியாது.

குனிந்து பார்த்தேன். அதே சந்தனத் தலை. அதே மாதிரி மஞ்சள் கவுன். முகம் மட்டும் யாழினியுடையது இல்லை. யார் பெற்ற பிள்ளையோ, என் விரலைப் பிடித்துக்கொண்டு பஜ்ஜி மென்றுகொண்டிருந்தது.

எனக்கு உயிரே போய்விட்டது.

அந்தக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். எங்கே பார்த்தாலும் மஞ்சள் கவுன், சந்தனத் தலை. ஒவ்வொரு குழந்தையாக முகத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். (நாலு பேரிடம் திட்டு வாங்கினேன். வாங்க வேண்டியதுதான்.)

பஸ் ஸ்டாண்டு போகும் வழியில் ஒருவர் நடந்து போய்க்கொண்டிருந்தார். தலையில் துண்டு, தோளில் ஒரு சந்தனத் தலை. தொங்கிய காலில் யாழினியின் கொலுசு!

"சார்! நில்லுங்க சார்!"

திரும்பினார். என் இடுப்பில் இருந்த குழந்தை, "நைனா!" என்று அவரிடம் தாவியது. அவர் அதைப் பார்த்தார், தன் தோளைப் பார்த்தார். முகம் வெளுத்துவிட்டது.

"ஐயோ முருகா! இருட்டுல வந்து காலக் கட்டிக்கிச்சிங்க. எம் பொண்ணுன்னே தூக்கிக்கினேன். பஸ்ஸு போயிடும்னு..."

துண்டு நழுவியது. அவரும் மொட்டைதான். ஆனால் மீசையை எடுக்கவில்லை. என் மீசை மாதிரியே அடர்த்தியான மீசை.

"யாழு, வாடா தங்கம், அப்பாகிட்ட வா."

கண் விழித்து என்னைப் பார்த்தாள். நன்றாகவே பார்த்தாள்.

அவர் கழுத்தை இன்னும் இறுக்கிக் கட்டிக்கொண்டு கத்தினாள்.

"இது எங்கப்பா இல்ல!"

கூட்டம் கூடிவிட்டது. "புள்ள புடிக்கிறவனா?" என்று ஒரு குரல். ஓர் ஆட்டோக்காரர் என் தோளில் கை போட்டார்.

"போட்டோ எதுனா கீதா சார், காட்டு."

போனை முகத்துக்கு நேராகப் பிடித்தேன். திறக்கவில்லை. (போனுக்கும் நான் யாரோ!) நம்பர் போட்டுத் திறந்து காட்டினேன். படத்தில் யாழினியைத் தூக்கிக்கொண்டு முடியும் மீசையுமாக ஓர் ஆள் சிரித்துக்கொண்டிருந்தான்.

"யாரு சார் இது?"

"நான்தாங்க."

ஒருவரும் நம்பவில்லை. அந்த நேரம் படத்தில் இருந்தவன் எனக்கே யாரோ போல்தான் தெரிந்தான்.

நல்லவேளை, மனைவி தேடிக்கொண்டு ஓடி வந்தாள். ஆட்டோக்காரர் அவளை நிறுத்தினார்.

"யம்மா, இவுரு யாரு?"

அவள் என்னை ஏறிட்டுப் பார்த்தாள். மொட்டையைப் பார்த்தாள், மீசை இல்லாத உதட்டைப் பார்த்தாள், பிறகு சட்டையைப் பார்த்தாள்.

"ஆங்... எங்க வூட்டுக்காரருதாங்க."

கூட்டம் கலைந்தது. அந்த அண்ணன் யாழினியை அவள் அம்மாவிடம் கொடுத்துவிட்டு என் கையைப் பிடித்து அழுதுவிட்டார். நானும் அழுதேன். இரண்டு பேரும் பெற்றவர்கள்தானே.

இப்போது அரக்கோணம் பஸ்ஸில் இருக்கிறோம். பாப்பா அம்மா மடியில். பக்கத்தில் நான். என் பக்கம் திரும்பவே மாட்டேன் என்கிறாள்.

சற்று முன் அம்மா காதில் மெதுவாகச் சொன்னாள். எனக்கும் கேட்டது.

"அம்மா, அப்பாவ அங்கியே வுட்டுட்டு வந்துட்டோம்மா."

நண்பர்களே, தெரிந்தவர்கள் யாராவது சொல்லுங்கள். மீசை சீக்கிரம் வளர என்ன செய்ய வேண்டும்?