அழிக்க வேண்டாம், திருத்துங்கள்

பிள்ளைகளா, உங்கள் அப்பாவைப் பற்றி ஊரில் ஒரு பேச்சு ஓடுகிறது. பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவன் போதை மாத்திரைக்காரனாம். யாரோ சொல்லி நீங்கள் கேட்பதைவிட நானே எழுதித் தந்துவிடுகிறேன். பத்தாவதோடு நின்றவன் எழுத்து. எழுத்தில் பிழை இருக்கலாம், விஷயத்தில் இருக்காது.

நீங்கள் கைக்குழந்தைகளாக இருந்தபோது நான் ரிக் வண்டியில் வேலை பார்த்தேன். ஆழ்துளைக் கிணறு போடுகிற வண்டி. வடக்கே ஓர் ஊரில், சங்கிலி நழுவி இரும்புக் குழாய் என் தோளில் இறங்கிவிட்டது. எலும்பைச் சேர்த்து வைத்தார்கள். வலிக்கு ஒரு மாத்திரை எழுதினார்கள். அது அபின் இனத்து மருந்து என்று எனக்கு யாரும் சொல்லவில்லை. தோள் ஆறியது, மாத்திரை என்னை விடவில்லை. ஒரு வேளை தவறினால் மூக்கு ஒழுகும், உடம்பு நடுங்கும், கால் தன்னால் உதறும். இதைக் கொழுப்பு என்று சொல்கிறவர்கள் அந்த நடுக்கத்தை ஒரு ராத்திரி பட்டுப் பார்த்துவிட்டு வந்து பேசட்டும். உங்கள் அம்மா என்னைச் சேலத்தில் ஒரு மனநல மருத்துவரிடம் கூட்டிப் போனாள். அவர் வேறு மருந்து கொடுத்து, அதையும் மெல்ல மெல்லக் குறைத்து, என்னை மீட்டார். அதன் பிறகு இத்தனை வருஷமாக நான் அந்த மாத்திரையைத் தொட்டதில்லை.

இந்த வருஷம் பள்ளி திறப்பதற்கு முன்னால், ஓட்டுநர்கள் எல்லோரும் உடல்தகுதிச் சான்று கொண்டுவர வேண்டும், இல்லாவிட்டால் வேன் கிடையாது என்றார்கள். எனக்குக் குடலிறக்க ஆபரேஷன் நடந்த ஆஸ்பத்திரிக்கே போனேன். கண் சரி, காது சரி, ரத்த அழுத்தம் சரி. கடைசியில் மட்டும் ஒரு வரி: வலி மருந்துக்கு அடிமைப்பட்ட நோய். இன்றைக்கும் நான் அதில் கிடக்கிறேன் என்கிற மாதிரி.

ரெக்கார்டு அறையில் ஒரு பெண் இருந்தது. நோய்களுக்குக் குறியீடு போடுகிற படிப்புப் படித்த பெண். கம்ப்யூட்டரைத் திருப்பிக் காட்டிப் பொறுமையாக விளக்கியது. ஒவ்வொரு நோய்க்கும் எழுத்தும் எண்ணும் சேர்ந்த ஒரு குறியீடு உண்டாம். என்னுடைய நோய் இன்னும் இருந்தால் கடைசி எண் சுழியம், தணிந்துவிட்டால் ஒன்று. ஆபரேஷனுக்கு முன்னால் நான் சொன்னதைக் கேட்டு டாக்டர் நோயின் பெயரை மட்டும் எழுதி, தணிந்துவிட்டது என்று எழுதாமல் விட்டிருக்கிறார். அதனால் சுழியம் விழுந்து, அதுவே புதுச் சான்றிலும் வந்து உட்கார்ந்துகொண்டது.

"அப்ப ஒண்ணுன்னு மாத்திரு, சாமி" என்றேன்.

"நானா மாத்தக் கூடாதுங்கண்ணா. தணிஞ்சிருச்சுன்னு டாக்டர் எழுதோணும். அதுக்கு எதுக்கு அலையறீங்க? மேல கேட்டு, அந்த வரியவே எடுத்துரலாங்க. யாருக்கும் தெரியாது."

அந்தப் பெண் நல்ல மனசோடுதான் சொன்னது. உங்கள் மாமாவும் போனில் அதையேதான் சொன்னான். "ஏனுங்க மச்சான், அந்தப் புள்ளயே அழிக்கறேங்குது. உங்களுக்கு ஊரெல்லாம் தண்டோராப் போடோணுமா?"

எனக்குச் சுருக்கென்றது. ஆபரேஷன் அன்றைக்கு அந்த வரி எழுதியிருந்ததால்தான் எனக்கு வலிக்கு அந்த இனத்து மருந்தைக் கொடுக்காமல் வேறு கொடுத்தார்கள். நாளைக்கு நான் ஒரு விபத்தில் நினைவில்லாமல் கிடந்தால், என் வாய் பேசாது, அந்த வரிதான் பேசும். அதை அழித்தால் என்னைப் பழைய குழியிலேயே தள்ளிவிடுவார்கள். தவிர, நான் பட்டதும் நிஜம், மீண்டதும் நிஜம். பட்டதை அழித்தால் மீண்டதையும் சேர்த்தல்லவா அழிக்க வேண்டும்? எவனுக்குப் பயந்து அழிக்க வேண்டும்?

சேலத்துக்குப் பஸ் ஏறினேன். டாக்டர் என்னைச் சோதித்து, சிறுநீர்ப் பரிசோதனையும் எடுத்து, நோய் தணிந்து நீண்ட காலமாக நிலையாக இருக்கிறது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். ஆஸ்பத்திரி டாக்டர் அதைப் பார்த்துத் தானும் எழுதினார். அந்தப் பெண் கடைசி எண்ணை மாற்றி, புதுச் சான்றை அச்செடுத்துக் கொடுத்தது. வரி இருந்தது, தணிந்தது என்கிற சொல்லோடு.

பள்ளித் தாளாளர் அதைப் படித்துவிட்டு மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். வண்டி ஓட்டுவதில் என்மேல் ஒரு குறையும் இல்லை என்றார். ஆனால் பெற்றோர் கேட்டால் அவர் என்ன சொல்வது?

"இந்த வரி இல்லாத பேப்பர் ஒண்ணு கொண்டாங்க. நான் எதுவுங் கேக்க மாட்டேன்."

"ஏனுங்க, பொய்ப் பேப்பர் குடுத்தவன நம்பிக் கொழந்தைங்கள ஏத்துவீங்களா, நெசத்தக் குடுத்தவன நம்பி ஏத்துவீங்களா?" என்று கேட்டேன். "எப்ப வேணாலும் டெஸ்ட் எடுங்க. நான் வாரேன். வேலய விட்டு நிறுத்தறதுன்னாலும் நிறுத்துங்க. ஆனா இதுக்காக நிறுத்தறேன்னு எழுதிக் குடுத்து நிறுத்துங்க."

அவர் சேலத்து டாக்டருக்கு என் முன்னாலேயே போன் போட்டுக் கேட்டார். வேன் சாவியைக் கொடுத்தார். அப்போதும் சிரிக்கவில்லை.

பேச்சு எப்படி வெளியே போனதோ தெரியாது. பள்ளி திறந்த அன்று காலையில், மல்லசமுத்திரம் தாண்டி ஒரு நிறுத்தத்தில், ஒருவர் தன் மகளைக் கையில் பிடித்தபடி என் ஜன்னலோரம் வந்தார்.

"ஏனுங்க, உங்களுக்கு அந்த மாத்திரப் பழக்கமாமே?"

"இருந்துதுங்க. அது ஒரு வியாதி. வைத்தியம் பாத்து இப்பத் தணிஞ்சிருச்சுங்க. பேப்பர் ஆபீஸ்ல இருக்குது, போய்ப் பாருங்க."

அவர் என்னையும் வேனுக்குள் இருந்த பிள்ளைகளையும் மாறி மாறிப் பார்த்தார். மகளைத் திருப்பிக் கூட்டிப் போய்ப் பைக்கில் உட்கார வைத்துக்கொண்டார். அந்தக் குழந்தை எனக்குக் கை காட்டியது. நானும் காட்டினேன்.

அவர் குழந்தை, அவர் இஷ்டம். எனக்கு அவர்மேல் கோபம் இல்லை. ஆனால் நான் தலையைக் குனியவில்லை, பிள்ளைகளா. உங்களிடம் யாராவது கேட்டால் நீங்களும் குனிய வேண்டாம். ஆமாங்க, எங்கப்பாவுக்கு இருந்துது, இப்ப இல்லீங்க என்று சொல்லிவிட்டு உங்கள் வேலையைப் பாருங்கள். நான் கதவைச் சாத்திவிட்டு அடுத்த நிறுத்தத்துக்கு வண்டியை எடுத்தேன். அங்கே பிள்ளைகள் நின்றுகொண்டிருந்தார்கள்.