அப்பாவின் இரண்டாவது வித்தை

எங்கள் அப்பா கண்மூடி ஓராண்டு ஆகிறது. அவரைப் பற்றி அமைதியாக எழுத இன்னும் எனக்கு வரவில்லை. கோபம் போனபாடில்லை. உறவினர்களும் நண்பர்களும் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அப்பா பருத்தித்துறையில் பிறந்தவர். சிறு வயதில் தாயை இழந்து, படிப்பைப் பாதியில் விட்டு, ஊருக்கு வந்த சர்க்கஸோடு புறப்பட்டுவிட்டார். உருளும் கட்டைமேல் பலகை வைத்து, அதில் நின்றபடி கோப்பைகளையும் சோசர்த் தட்டுகளையும் காலால் எறிந்து தலையில் அடுக்குவார். அந்த ஒரே வித்தைதான் அவரை அமெரிக்கா வரை கொண்டுபோனது. அங்கே தொலைக்காட்சி புதிதாக வந்திருந்த காலம். நியூயோர்க்கில் ஒரு பல்சுவை நிகழ்ச்சிக்கு அழைத்தார்கள். அப்பாவும் பெருமையோடு முழு வித்தையையும் காட்டிவிட்டார். அதன்பின் எந்த அரங்குக்குப் போனாலும், "அதை வீட்டிலிருந்தே பார்த்துவிட்டோமே, புதிதாக என்ன இருக்கிறது?" என்றார்களாம். காலமெல்லாம் சோறு போட்டிருக்க வேண்டிய வித்தை ஒரே நாளில் செலவாகிவிட்டது.

ஊர் திரும்பி அம்மாவை மணந்தார். பின்னர் எங்களோடு ரொறன்ரோ வந்து தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்ந்தார். ஆனால் இன்னொரு வித்தை வேண்டும் என்ற தவிப்பு அவரை விட்டால்தானே! சாப்பிடும்போதும் கால்கள் எதையாவது உருட்டிக்கொண்டிருக்கும். ரொறன்ரோவின் வோபர்ன் பகுதியில் நாங்கள் இருந்த வீட்டில் உடையாத கோப்பை இல்லை. அம்மா வாய் ஓயாமல் திட்டுவார், பிறகு அவரே புதுக்கோப்பை வாங்கி வருவார்.

கடைசியில் அது கைகூடியது. சாப்பாட்டு மேசையில் மல்லாந்து படுத்து, ஒரு காலில் விரித்த பாயைச் சுழற்றுவார். மறுகாலில் நிறைந்த தேநீர்க் கோப்பை சிந்தாமல் நிற்கும். செய்தி பரவி, இங்குள்ள சிறிய தொலைக்காட்சி நிலையமொன்று கேட்டது. அப்பா மறுத்துவிட்டார்.

"ஒருக்காக் காட்டினா முடிஞ்சு போம், பிள்ளை," என்றார்.

"காட்டாட்டி மட்டும் நிலைக்குமே, அப்பா? நீங்கள் போனாப் பிறகு எங்களிட்டை என்ன இருக்கும்?"

"வீட்டை வாற சனம் பாக்குது. எனக்கு அது காணும்."

நான் எவ்வளவோ மன்றாடினேன். அவர் அசையவில்லை. அந்த வருடமே நெஞ்சுவலி வந்தது. மருத்துவமனைக் கட்டிலிலும் போர்வைக்குள் அவர் கால்கள் ஓயவில்லை.

அவர் நோயுற்றபோது சமைத்து அனுப்பியவர்களுக்கும், காரில் ஏற்றி இறக்கியவர்களுக்கும், இறுதிக்கிரியைகளில் தோள் கொடுத்தவர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. எல்லோரையும்விட, எங்கள் வரவேற்பறையில் அமர்ந்து அந்த வித்தையைப் பார்த்தவர்களுக்கு நன்றி. அந்த மேசையின் கால்கள் ஆடும். ஒவ்வொரு முறையும் அடியில் குந்தியிருந்து அவற்றைப் பிடித்துக்கொண்டிருந்தவள் நான். மேலே பாய் சுழலும் ஓசையும் உங்கள் கைதட்டலும் கேட்கும், அவ்வளவுதான். என்னை எங்கேனும் கண்டால், அப்பா எப்படிச் செய்தார் என்று தயவுசெய்து சொல்லுங்கள். நான் ஒருநாளும் பார்க்கவில்லை.