கொடியின் மஞ்சள் மூலை

சேலத்தில் விளையாட்டு விழா என்று அறிவித்தபோது ஒரு நிபந்தனையும் சேர்ந்து வந்தது. ஒவ்வொரு வட்டாரமும் தனக்கென ஒரு கொடியோடு வர வேண்டும். கொடி இல்லையென்றால் அணிவகுப்பில் இடம் இல்லை. அப்போது வெள்ளைக்காரர் ஆட்சி; நான் ராசிபுரம் பள்ளியில் டிரில் மாஸ்டர். என் பையன்கள் வெறுங்காலோடு வெயிலில் நடந்து பழகியவர்கள். அவர்களை ஓரமாக நிற்க விடுவேனா?

கொடியில் என்ன இருக்கலாம் என்று ஊரைக் கூட்டிக் கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது. வியாபாரிகள் நெய்க்குடம் வேண்டும் என்றார்கள். பண்ணையக்காரர்கள் காளை ஜோடி இல்லாமல் சம்மதிக்க மாட்டோம் என்றார்கள். எல்லாவற்றையும் போட்டால் அது கொடியா, செவ்வாய்ச் சந்தையா? கடைசியில், எல்லோர் வாசலிலிருந்தும் தெரிகிற கொல்லிமலையை வரைந்தேன். வெள்ளைப் பட்டில் நீல மலை, அடியில் வயலுக்காக ஒரு பச்சைப் பட்டை. யாருக்கும் முழுத் திருப்தி இல்லை. ஆனால் யாரும் சண்டைக்கும் வரவில்லை.

ஒரு நெசவாளத் தம்பதி அதைத் தறியிலேயே நெய்து கொடுத்தார்கள். விழா அன்று காலை வாங்கி விரித்தேன். வெள்ளை மூலையில் ஈர மஞ்சள் அப்பியிருந்தது!

"என்னம்மா இது?" என்று கத்திவிட்டேன்.

"புதுத்துணிங்களே சாமி, மஞ்ச வெக்காம ஊட்டை உட்டு அனுப்புவனுங்களா?" என்றார் அந்த அம்மா, நான்தான் ஏதோ புரியாமல் பேசுவதுபோல.

கழுவினால் இன்னும் பரவும். பஸ் வேறு கிளம்பி நின்றது. வழியெல்லாம் அந்த மூலையைக் கைக்குள் மடக்கியே பிடித்திருந்தேன்.

மைதானத்தில் கொடிகளைச் சோதித்த அதிகாரி நம்மூர்க்காரர்தான். ஆனால் முறைப்பு வெள்ளைக்காரர் முறைப்பு. மடிப்பைப் பிரித்துப் பார்த்தார். "கறை பட்ட கொடி. அனுமதிக்க முடியாது."

எனக்குப் பின்னால் பையன்கள் வரிசை கலையாமல் நின்றார்கள். எனக்கு ஆத்திரம் பொங்கியது. வாயைத் திறக்கப் போனேன். அப்போது மலையை உற்றுப் பார்க்க அவர் குனிந்தார். விழாவுக்கென்று தைத்த புதுக் கோட்டு. காலரின் உட்புற ஓரத்தில் மஞ்சள்.

"உங்கள் கோட்டிலும் அதே கறைதான் இருக்கிறது, சார்" என்றேன்.

அவர் காலரைத் தடவினார். விரலில் ஒட்டியதைப் பார்த்தார். "எங்க ஊட்டுல வெச்சு உட்டுட்டாங்க போல" என்று சிரித்துவிட்டார். முறைப்பு போன இடம் தெரியவில்லை. "போங்க, நடங்க."

நடந்தார்கள். அன்றைய என் கர்வத்தை இன்றும் மறைக்கத் தோன்றவில்லை.

சில வருஷங்களில் கொடி வெளுத்துப்போனது. சுதந்திரம் வந்த பிறகு அதே தம்பதியிடம் புதிதாக ஒன்று நெய்யச் சொன்னபோது, மூலையில் ஒரு மஞ்சள் பொட்டையும் சேர்த்து வரைந்து கொடுத்தேன். இனி அப்புகிற வேலையே இல்லை என்று எனக்குப் பெரிய நிம்மதி.

வாங்கப் போனேன். நெய்த மஞ்சள் பொட்டுக்குப் பக்கத்தில் ஈரமாக இன்னொரு மஞ்சள்.

"அதுதான் நெசவிலேயே இருக்கிறதே, அம்மா?"

"அது நீங்க வரைஞ்சதுங்க" என்றார் அவர். "இது, கொடி நல்லா இருக்கோணும்னு நாங்க வெக்கறதுங்க."

இந்த முறை நான் மூலையை மடக்கவில்லை.