பெரியப்பா குடிக்காத தண்ணீர்

எங்கள் நெடுந்தீவில் கோபம் என்றால் யாரும் கூச்சல் போடமாட்டார்கள். கோபக்காரர் வீட்டுக்கு வருவார், கதிரையில் இருப்பார், மழையைப் பற்றியும் மாடுகளைப் பற்றியும் கதைப்பார். கொடுத்த தண்ணீரை மட்டும் வாயில் வைக்கமாட்டார். அவ்வளவுதான். அந்த ஒரு செம்புத் தண்ணீருக்காக இரண்டு குடும்பங்கள் பிள்ளைகளின் கலியாணம் வரைக்கும் முகம் பாராமல் இருந்துவிடும். இதெல்லாம் பள்ளிக்கூடம் போவதற்கு முன்பே எனக்குத் தெரியும். ஆகவே, கனடாவில் இருந்து வந்த பெரியப்பா எங்கள் வீட்டில் தண்ணீர் குடிக்கவில்லை என்றதும் எனக்கு யாரும் விளக்கம் சொல்லத் தேவைப்படவில்லை.

பெரியப்பா அப்பாவின் ஒரே தமையன். இருவரும் ஒரே வள்ளத்தில் தொழிலுக்குப் போனவர்கள். நாட்டில் சண்டை நடந்த காலத்தில் ஒரு விடியப்புறம் அப்பா வலையோடு கரையில் காத்து நின்றிருக்கிறார். பெரியப்பா வரவில்லை. யாருக்கும் சொல்லாமல் கொழும்புக்குப் போய், அங்கிருந்து அப்படியே கனடாவுக்கும் போய்விட்டார். சொல்லிக்கொண்டு போகக்கூடிய காலமா அது என்று அம்மா கேட்பா. அப்பா வலையைத் தூக்கிக்கொண்டு வெளியே போய்விடுவார். ஆனால் கரையில் எவராவது கொஞ்சம் பிந்தி வந்தால் அவருக்கு வருகிற எரிச்சலைப் பார்த்தால், அந்த விடியப்புறம் அவருக்குள் இன்னும் விடியவில்லை என்பது தெரியும்.

சண்டை முடிந்து, பெரியம்மாவும் அங்கே காலமான பிறகு, தலை முழுக்க நரைத்த பெரியப்பா எங்கள் மாதா கோயில் பெருநாளுக்கென்று வந்தார். அவர் வருகிறார் என்று தெரிந்த நாளில் இருந்து அப்பாவின் கால் நிலத்தில் படவில்லை. எங்கள் வீட்டுக் கிணறு உவர். நாங்கள் அதற்கே பழகிய ஆட்கள். பெரியப்பாவுக்காக அப்பா சைக்கிளில் கலன்களைக் கட்டிக்கொண்டு தீவின் மற்றப் பக்கம் இருக்கும் நல்ல தண்ணீர்க் கிணற்றுக்கு வெயிலுக்குள் போய்வந்தார். அம்மா புளி போட்டுத் தேய்த்துவைத்த செம்பில் அப்பாவே அதை ஊற்றித் தன் கையாலேயே நீட்டினார்.

"குடியுங்கோ அண்ணை. எங்கட பழைய நல்ல கிணத்துத் தண்ணி."

பெரியப்பா செம்பை வாங்கினார். உள்ளே பார்த்தார், நீண்ட நேரம் பார்த்தார். பிறகு அதைப் பக்கத்தில் வைத்துவிட்டு, யாழ்ப்பாணத்தில் வாங்கிவந்த போத்தலைப் பையில் இருந்து எடுத்தார்.

"இது கிடக்கு தம்பி" என்றார்.

அப்பா எழும்பினார். செம்பை எடுத்துக்கொண்டு குசினிக்குள் போனார். அங்கே அதை ஊற்றிவிடாமல் தானே குடித்ததை நான் கண்டேன்.

அதற்குப் பிறகு நடந்தவையெல்லாம் என் சந்தேகத்தை உறுதிப்படுத்தின. அம்மா நண்டுக் குழம்பு வைத்தா. பெரியப்பா குசினிப் பக்கம் முதுகு காட்டிக் கதிரையைத் திருப்பிப் போட்டுக்கொண்டு பாணும் வாழைப்பழமும் சாப்பிட்டார். கடற்கரைக்குப் போவார், சப்பாத்தைக் கழற்றமாட்டார், அலை வந்தால் இரண்டடி பின்னால் வைப்பார். "ஒருக்கா வள்ளத்தில போயிட்டு வருவமே அண்ணை" என்று அப்பா கேட்டதற்கு, வெயில் என்றார். கடற்தொழிலாளி சொல்லுகிற காரணமா அது? தமையன் மன்னிப்புக் கேட்கவேண்டும் என்றெல்லாம் அப்பா எதிர்பார்க்கவில்லை. ஒரு மிடறு குடித்தால் போதும் என்று இருந்தார். அதற்காக ஒவ்வொரு நாளும் கிணற்றுக்குப் போனார். அந்தக் கிழமை முழுக்க நல்ல தண்ணீர் குடித்தது நாங்கள்தான்.

எனக்குப் பொறுக்கவில்லை. பெருநாள் முடிந்த பின்னேரம், கரையில் நின்ற பெரியப்பாவிடம் நேரே போனேன்.

"பெரியப்பா, நீங்கள் எங்களோட கோவமோ?"

"ஆர் மோனை சொன்னது?"

"ஒருத்தரும் சொல்லேல்லை. நீங்கள் தண்ணி குடிக்கேல்லைத்தானே."

அவர் சிரிக்கத் தொடங்கினார். சிரிப்புப் பாதியில் நின்றுவிட்டது. சட்டைப் பைக்குள் இருந்து ஒரு சின்ன மட்டையை எடுத்துக் காட்டினார். அவருடைய படம் இருந்தது.

"இதாலதான் மோனை. அங்க எனக்கு வருத்தம் வந்தா ஆஸ்பத்திரிச் செலவை அரசாங்கம் பாக்கும். இதைக் காட்டினாச் சரி, ஒரு சதம் கேக்காயினம். அந்த நாட்டை விட்டு வெளிக்கிட்டா, பேருக்கு ஏதோ கொஞ்சம் தருவினம், அவ்வளவுதான்."

பயணத்துக்கென்று தனியாக இன்சூரன்ஸ் இருக்கிறதாம். கேட்டுப் பார்த்தாராம். "மற்ற வருத்தமெல்லாத்துக்கும் தருவம், இருதயத்துக்கு ஏலாது எண்டிட்டினம். எனக்கு இருக்கிற வருத்தமே அதுதானே? வயித்தால போனாலே என்ர இருதயம் தாங்காது எண்டு டொக்டர் சொன்னவர். இஞ்ச விழுந்தனெண்டா பிள்ளையள் வீட்டை வித்துத்தான் என்னைக் கொண்டுபோகவேணும். கிணத்துத் தண்ணி குடிக்கமாட்டன், நண்டு தின்னமாட்டன், கடலில இறங்கமாட்டன் எண்டு மாதா படத்துக்கு முன்னால சத்தியம் பண்ணிப்போட்டுத்தான் வந்தனான்."

"அப்ப இஞ்சயே இருங்கோவன்."

"ஆசைதான் மோனை. கனகாலம் இஞ்ச நிண்டா இந்த மட்டையும் இல்லாமல் போயிடும். பேந்து மருந்துக்கு எங்க போறது?"

சொல்லிவிட்டுக் கடலைப் பார்த்தார். பசித்த பிள்ளை கடைக்கண்ணாடிக்கு வெளியே நிற்பது போல நின்றார்.

நான் வீட்டுக்கு ஓடிவந்து எனக்கு விளங்கிய அளவில் செய்தியை ஒப்புவித்தேன். "கனடா அரசாங்கம் பெரியப்பாவை எங்கட தண்ணி குடிக்கவேண்டாம் எண்டு சொல்லிப்போட்டுதாம். குடிச்சா மட்டையைப் பறிச்சுப்போடுமாம்."

"அரசாங்கத்துக்கு எங்கட தண்ணியோட என்ன கோவம்?" என்றார் அப்பா.

"இருதய வருத்தமாம் அப்பா."

அப்பா என்னைத் திரும்பிப் பார்த்தார். அம்மா, எங்கள் ஆஸ்பத்திரியில் சும்மாதானே மருந்து தருகிறார்கள், இதற்கு ஏன் கனடா மட்டை என்று முணுமுணுத்தா. அப்பா கலனைக் கழுவினார். நான் சொன்னதை நம்பினாரா இல்லையா என்று எனக்குத் தெரியவில்லை.

பெரியப்பா வெளிக்கிடும் நாள் வந்தது. சூட்கேசைச் சைக்கிளில் வைத்து அப்பா துறைக்கு உருட்டிவந்தார். ஹாண்டிலில் அப்பா தனக்கென்று கொண்டுவந்த தண்ணீர்ப் போத்தல் தொங்கியது. குறிகட்டுவானுக்குப் போகும் படகில் சனம் ஏறிக்கொண்டிருந்தது. பெரியப்பா அந்தப் போத்தலையே பார்த்தார்.

"தம்பி, உது நல்ல தண்ணியோ?"

"ஓம் அண்ணை."

"தா."

அவருடைய கைப்பையில் கடைத் தண்ணீர் இருந்தது, நான் கண்டேன். ஆனாலும் அப்பாவின் போத்தலைத் திறந்து, தலையை அண்ணாந்து மடமடவென்று குடித்தார். தொண்டை ஏறி இறங்கியது. தண்ணீர் கழுத்தால் வழிந்து சட்டையை நனைத்தது, மட்டை இருந்த பையையும் நனைத்தது.

"பெரியப்பா, மட்டை!" என்று நான் கத்திவிட்டேன்.

"அது கிடக்கட்டும் மோனை."

ஒரு மிடறுக்காகக் கிழமை முழுக்கக் கிணற்றுக்கு ஓடிய அப்பா, இப்போது பதறிக்கொண்டு கையை நீட்டினார். "காணும் அண்ணை, குடிச்சது காணும்" என்றார். பெரியப்பா விடவில்லை. கடைசிச் சொட்டுவரை குடித்துவிட்டு வெறும் போத்தலை அப்பாவின் கையில் கொடுத்தார். இருவரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். பெரியப்பா படகில் ஏறினார். படகுக்காரன் கயிற்றை அவிழ்த்துவிட்டான்.

எனக்கென்றால் பெருநாள் திரும்பி வந்ததுபோல இருந்தது. கோபம் முடிந்துவிட்டதென்று வழியெல்லாம் கண்டவர்களுக்குச் சொல்லிக்கொண்டு வந்தேன். அப்பா போத்தலைக் கையிலேயே பிடித்தபடி சைக்கிளை உருட்டினார்.

பெரியப்பா அதற்குப் பிறகு ஒவ்வொரு பெருநாளுக்கும் வர ஆசைப்பட்டு இன்சூரன்ஸ்காரரைக் கேட்டாராம். வயது ஏற ஏற அவர்கள் இன்னும் விரைவாகக் கையை விரித்தார்களாம். கடைசியில் அவர் அங்கேயே, பெரிய ஆஸ்பத்திரியில், எல்லா வைத்தியமும் பார்த்துத்தான் போனார். ஒரு சதமும் கேட்கவில்லை என்று அவருடைய மகள் போனில் சொன்னா. அப்பா "ஓம் பிள்ளை, ஓம் பிள்ளை" என்று கேட்டுக்கொண்டிருந்தார். அந்தத் துறையில் தமையன் குடித்தது இம்முறை சொல்லிக்கொண்டு போகத்தான் என்று அவருக்கு அன்றைக்கே விளங்கியிருக்கிறது. எனக்குத்தான் விளங்கவில்லை.

அன்று படகு போன மறுநாள் விடிய அப்பா வழக்கம்போலக் கலன்களைச் சைக்கிளில் கட்டினார்.

"அப்பா, பெரியப்பா போயிட்டாரெல்லோ?" என்று கேட்டேன்.

"ஓம்" என்றார். நல்ல தண்ணீர்க் கிணற்றுப் பக்கம் மிதித்துக்கொண்டு போனார். பெரியப்பா சுறுக்காய்த் திரும்பி வரப்போகிறார், அதற்குத்தான் தண்ணீர் என்று நினைத்து, நான் செம்பை எடுத்துப் புளி போட்டுத் தேய்க்கத் தொடங்கினேன்.