வலம் என்று எழுத மறந்தவர்

விடைத்தாள் திருத்தும் முகாமில் கைப்பேசியை வாசலிலேயே வாங்கி வைத்துவிடுவார்கள். தேநீர் இடைவேளையில் வெளியே வந்து பார்த்தபோது ஒரே எண்ணிலிருந்து ஒன்பது அழைப்புகள். அடி அண்ணாமலையிலிருந்து, என்னுடன் வேலை பார்க்கும் பேராசிரியர் வசந்தகுமாரியின் தம்பி. திரும்ப அழைத்தேன். "அக்கா போயிட்டாங்க சார். காலையில நெஞ்சு வலிக்குதுன்னாங்க. ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போறதுக்குள்ள முடிஞ்சிடுச்சு" என்றார். மீதித் தாள்களைத் திருத்தாமல் கிளம்பிவிட்டேன். முகாம் அலுவலர் விளக்கம் கேட்டிருக்கிறார். கேட்கட்டும்.

நான் போய்ச் சேர்வதற்குள் எங்கள் கல்லூரியின் பேனர் வந்துவிட்டது. 'செயற்கை நுண்ணறிவின் முன்னோடி' என்று பெரிய எழுத்தில். அவருடைய ஆய்வகத்தை ஜெனரேட்டர் அறைக்குப் பக்கத்தில் தள்ளியதும் இதே கல்லூரிதான். அவரை அறிந்த உங்களுக்கு இது தெரியும். தெரிந்தும் வரிசையில் நின்று மாலை போட்டோம். எனக்கு அழுகையைவிடக் கோபம்தான் அதிகம் வந்தது.

அவருடைய துறைக்குத் திட்டமிடல் என்று பெயர். காபி போட வேண்டுமென்றால் முதலில் பால் இருக்க வேண்டும், அடுப்பு எரிய வேண்டும். எதற்கு முன்னால் எது, எதற்குப் பின்னால் எது என்பதை இயந்திரம் தானே வகுத்துக்கொள்ளச் செய்வது. இருபது வருடங்கள் இதே வேலை. நடுவில் உலகம் வேறு பக்கம் ஓடியது. துறைக் கூட்டத்தில் ஒருவர், "இன்னுமா மேடம் இந்தப் பழைய சங்கதி?" என்று கேட்டார். "எல்லாரும் மெஷினப் பேச வைக்கிறீங்க. நான் அத யோசிச்சு நடக்க வைக்கிறேன். பேசறது சுலபம் சார்" என்றார். அதன்பிறகு அந்த ஆள் அவர் பக்கம் திரும்பவில்லை.

நாங்கள் இருவரும் சேர்ந்து செய்தது ஒரே ஒரு ஆய்வுதான். பௌர்ணமியன்று கிரிவலப் பாதையில் குடிநீர் டேங்கர்களை எப்போது எங்கே அனுப்புவது என்று இயந்திரம் சொல்ல வேண்டும். முதல் பௌர்ணமி, மாலை ஐந்து மணி. அடி அண்ணாமலையில் தண்ணீர் தீர்ந்தது. பக்கத்தில் நிறைந்த டேங்கர், பாதையில் அதைத் தாண்டி வரும் குபேர லிங்கத்தருகே நிற்கிறது, அதை அனுப்பு என்றது எங்கள் நிரல். தூரமும் கம்மி, நேரமும் கம்மி. கணக்கில் ஒரு குறையும் இல்லை. ஓட்டுநர் போனில் கேட்டார்: "மேடம், எதிர்ல எப்பிடிங்க வர்றது? மலைய இடது கைப் பக்கம் வச்சுக்கினு யாரு போவாங்க?" அதற்குள் வண்டியைத் திருப்பியிருந்தார். வலம் வரும் ஜனக்கடலில் எதிரே வந்த டேங்கர் ஓரடி நகரவில்லை. ஒரு மணி நேரம் அடி அண்ணாமலையில் சொட்டுத் தண்ணீர் இல்லை. பெரியவர்கள் ரோட்டோரம் உட்கார்ந்துவிட்டார்கள். தெருக்காரர்கள் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தார்கள், வசந்தகுமாரியின் தம்பி வீட்டாரும்தான்.

வசந்தகுமாரி கணினியை மூடிவைத்துவிட்டு என்னிடம் சொன்னார்: "மலைய வலம் வர்ற ஊர்ல பொறந்துட்டு, வலம்னு ஒரு வார்த்தைய எழுதாம விட்டுட்டேன் ஏழுமலை சார். தெரியாதத தேடித் தேடி எழுதிட்டோம். தெரிஞ்சத விட்டுட்டோம்."

அறிக்கையில் அதை அப்படியே ஒரு பத்தியாக எழுதினார். என்ன நடந்தது, ஏன் நடந்தது, பிழை தன்னுடையது என்று. கல்லூரியை மதிப்பிட வெளியிலிருந்து குழு வரும் நேரம். முதல்வர் எங்களைக் கூப்பிட்டு, "அந்த ஒரு பாராவ மட்டும் எடுத்துடுங்க மேடம்" என்றார். "அந்தப் பாராதான் சார் ஆராய்ச்சி. மத்ததெல்லாம் அட்டை" என்றார் இவர். வெளியே வந்ததும் நானும் சொன்னேன், வீண் வம்பு எதற்கு, எடுத்துவிடலாம் என்று. இப்போது எழுதவே கூசுகிறது. அவர் நின்று என்னைப் பார்த்தார். "மெஷின் தப்பு பண்ணா திருத்தறோம். நாம பண்ணா மறைக்கணுமா?" என்றார். ஒரு வாரம் என்னிடம் பேசவில்லை.

அறிக்கை நிதி கொடுத்தவர்களுக்குப் போகாமல் அப்படியே கிடந்தது. ஆய்வகம் ஜெனரேட்டர் அறைப் பக்கம் போயிற்று, மாணவர்களை வேறு பேராசிரியர்களிடம் மாற்றிவிட்டார்கள். அவர் அசரவில்லை. அடுத்தடுத்த பௌர்ணமிகளில் நோட்டுப்புத்தகத்துடன் பாதை முழுக்க நடந்தார். யாரும் எழுதி வைக்காத, ஆனால் எல்லோரும் கடைப்பிடிக்கும் விதிகளை டீக்கடைக்காரர்களிடமும் ஓட்டுநர்களிடமும் கேட்டுக் கேட்டு நிரலில் சேர்த்தார். நான்காவது பௌர்ணமியில் எங்கேயும் தண்ணீர் தீரவில்லை. முதல் முறை மாட்டிக்கொண்ட அதே ஓட்டுநர், "இப்பதாங்க உங்க மெஷினுக்கு ஊரு தெரியுது" என்றார். தனக்குக் கிடைத்த ஒரே விருது அதுதான் என்று வசந்தகுமாரி சொல்லிக்கொண்டிருந்தார்.

காரியம் முடிந்த மறுநாள் முதல்வர் என்னை அழைத்தார். மேசையில் அந்த அறிக்கை, அந்தப் பத்தி இல்லாமல் புதிதாக அச்சடித்து. "ரெண்டாவது பேரு உங்களோடதுதான் சார். நீங்க கையெழுத்து போட்டா போதும். லேபுக்கு மேடம் பேரையே வச்சிடலாம். அவங்களே இல்ல, இனிமே யாருக்கு என்ன?" யோசித்துச் சொல்வதாகப் பொய் சொல்லிவிட்டு எழுந்து வந்தேன். பொய் சொல்ல வேண்டிய இடமும் உண்டு.

வீட்டுக்கு வந்து பழைய பிரதியைத் தேடி எடுத்தேன். அவர் பெயருக்கு நேரே அவர் கையெழுத்து ஏற்கனவே இருந்தது. கீழே நான் போட வேண்டிய இடம் மட்டும் இத்தனை நாளாகக் காலியாக இருந்திருக்கிறது. போட்டேன். மறுநாள் காலை தபால் நிலையம் திறந்ததும் ஆய்வுக்கு நிதி கொடுத்தவர்களுக்கே நேராகப் பதிவுத் தபாலில் அனுப்பினேன். ஆய்வகத்துக்கு அவர் பெயர் இனி வராது. எனக்கும் அந்தக் கல்லூரியில் எத்தனை நாளோ தெரியாது.

அவருடைய பிழையின் ஒரு பிரதி என்னிடம் இருக்கிறது. படிக்க வருகிறவர்களுக்கு உட்கார நாற்காலி போடுவேன். அழிக்கச் சொல்லி வருகிறவர்களுக்கு வாசலைக் காட்டுவேன்.